தண்டனை முதல்ல, விசாரணை அப்புறம்!

எங்க தேங்காய்த்திட்டுலேர்ந்து தெற்கே தமிழ்நாட்டு எல்லை ரொம்பத் தூரமில்லை. அந்தப் பக்கம் 2003 ஜூலையில நடந்தது ஞாபகமிருக்கா மக்களே?

அரசு ஊழியரை டிஸ்மிஸ் பண்ணணும்னா சார்ஜ் மெமோ, அவரோட விளக்கம், விசாரணைன்னு வரிசை உண்டு. அரசியல் சட்டம் 311(2) கொடுத்த பாதுகாப்பு அது. ஸ்டிரைக் பண்ணாங்கன்னு டெஸ்மா அவசரச் சட்டத்துல சுமார் 1.7 லட்சம் பேரை விசாரணையே இல்லாம வீட்டுக்கு அனுப்பினாங்க.

உச்ச நீதிமன்றத்தில், மன்னிப்புக் கடிதம் வாங்கிக்கிட்டுப் பெரும்பாலானவங்களைத் திரும்ப எடுக்க அரசு ஒத்துக்கிச்சு. மீதி சுமார் 6,000 பேர் முறையீட்டைக் கேட்க ஓய்வுபெற்ற நீதிபதிகள் மூணு பேர். ஆகஸ்ட் 6 தீர்ப்பு, ஸ்டிரைக் அடிப்படை உரிமை இல்லைன்னுடுச்சு.

அது சரியா தப்பாங்கறது வேற சண்டை. ஆனா ஸ்டிரைக் பண்ணவர் யாரு, ஆஸ்பத்திரியில படுத்திருந்தவர் யாருன்னு விசாரிக்காம எப்படிங்க பிரிக்கறது?

நீங்க என்ன சொல்றீங்க?