12 வருஷத்துக்கு ஒருமுறை பூக்கும் குறிஞ்சி: பூவைப் பறிக்கக் கூடாதுன்னு சொல்றது ஏன்?

கொடைக்கானல், ஊட்டி, மூணாறு மலைச்சரிவுகளை நீல நிறத்தில் போர்த்தும் நீலக்குறிஞ்சி கடைசியாகப் பெரிய அளவில் பூத்தது 2018-ல். அடுத்தது 2030-ல். நடுவில் இருக்கும் 12 வருஷம் அந்தச் செடி என்ன செய்கிறது? அது வாழும் இடத்துக்கு என்ன ஆபத்து? விரிவாகப் பார்க்கலாம்.

குறிஞ்சி எங்கே வளரும்?

நீலக்குறிஞ்சியின் அறிவியல் பெயர் ஸ்ட்ரோபிலாந்தஸ் குந்தியானா. தென்னிந்திய மலைகளைத் தவிர உலகத்தில் வேறு எங்கேயும் இது இயற்கையாக வளர்வதில்லை. மேற்குத் தொடர்ச்சி மலையின் உயரமான பகுதிகள்தான் இதன் முக்கிய வாழிடம். நீலகிரி, பழனி மலை, மூணாறு பக்கம் உள்ள ஆனைமலைப் பகுதிகளில் அதிகம் காணலாம்.

பலரும் இதைக் காட்டுச்செடி என்று நினைக்கிறார்கள். உண்மையில் இது புல்வெளிச் செடி. இந்த மலைகளில் பள்ளங்களில் சோலைக்காடு இருக்கும். மேடுகளிலும் சரிவுகளிலும் புல்வெளி இருக்கும். வெயில் நேராக விழும் அந்தத் திறந்த சரிவுதான் குறிஞ்சியின் வீடு. வரையாடு மேய்வதும் அதே புல்வெளியில்தான்.

ஏன் 12 வருஷம்?

குறிஞ்சி வாழ்நாளில் ஒரே ஒருமுறைதான் பூக்கும். பூத்து, காய்த்து, விதை உதிர்ந்ததும் செடி காய்ந்துவிடும். மூங்கிலும் இதே ரகம்தான். உதிர்ந்த விதைகள் மழையில் முளைத்து, அடுத்த தலைமுறை வளர ஆரம்பிக்கும்.

ஒரு மலைச்சரிவில் உள்ள செடிகள் எல்லாம் சேர்ந்து பூப்பதற்கு விஞ்ஞானிகள் ஒரு விளக்கம் சொல்கிறார்கள். ஒரே நேரத்தில் கோடிக்கணக்கான விதைகள் விழுந்தால், பூச்சிகளும் பறவைகளும் எவ்வளவு தின்றாலும் மிச்சம் இருக்கும். அந்த மிச்சத்தில்தான் அடுத்த தலைமுறை பிழைக்கிறது.

இந்தக் கணக்கு தவறாமல் வருவதால், மலைவாழ் மக்கள் வயதைக் கூட குறிஞ்சியை வைத்துச் சொல்லும் வழக்கம் இருந்தது. 'எத்தனை குறிஞ்சி பார்த்தவர்' என்பதே வயது!

அப்போ அடிக்கடி 'குறிஞ்சி பூத்தது'ன்னு செய்தி வருதே?

அதுவும் பொய் இல்லை. குறிஞ்சி இனத்தில் பல வகைகள் உண்டு. ஒவ்வொன்றுக்கும் பூக்கும் இடைவெளி வேறு வேறு. சில வகைகள் வருஷா வருஷமே பூக்கும். நீலக்குறிஞ்சியிலேயே கூட, ஒரு மலையின் கணக்கும் இன்னொரு மலையின் கணக்கும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. அதனால்தான் 2018-க்குப் பிறகும் அங்கங்கே சில சரிவுகள் நீலமாயின.

தமிழருக்கும் குறிஞ்சிக்கும் என்ன உறவு?

மலையும் மலை சார்ந்த இடமுமான திணைக்கே இந்தப் பூவின் பெயர்தான். குறிஞ்சிப் பூவில் எடுக்கும் தேன் பற்றிக் குறுந்தொகை பேசுகிறது. கொடைக்கானலில் முருகன் 'குறிஞ்சி ஆண்டவர்' என்ற பெயரில் கோயில் கொண்டிருக்கிறார்.

ஆபத்து எங்கிருந்து வருகிறது?

ஆங்கிலேயர் காலத்தில் மரம் இல்லாத இந்தப் புல்வெளிகளைத் 'தரிசு' என்று முடிவு கட்டினார்கள். விளைவு? தேயிலைத் தோட்டம் வந்தது. யூகலிப்டஸ், பைன், சீகை என்று வெளிநாட்டு மரங்களை நட்டார்கள். சுதந்திரத்துக்குப் பிறகும் இது தொடர்ந்தது. சீகை மரமோ, நட்ட இடத்தோடு நிற்காமல் பக்கத்துப் புல்வெளிக்கும் பரவுகிறது. நிழல் விழுந்த இடத்தில் புல்லும் இல்லை, குறிஞ்சியும் இல்லை.

மரம் நடுவது நல்லதுதானே என்று கேட்கலாம். ஆனால் இந்தப் புல்வெளியும் சோலையும் சேர்ந்துதான் மழைநீரைப் பிடித்து வைத்து, பவானி, அமராவதி போன்ற ஆறுகளுக்குக் கொஞ்சம் கொஞ்சமாக விடுகின்றன. அங்கே மரம் நட்டால் புல்வெளிதான் அழியும்.

அழிவாய்ப்புள்ள இனங்களைப் பட்டியலிடும் சர்வதேச இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம், 2024-ல் நீலக்குறிஞ்சியையும் அந்தப் பட்டியலில் சேர்த்தது. கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தில் 2006-ல் குறிஞ்சிக்கென்றே 'குறிஞ்சிமலை சரணாலயம்' அறிவிக்கப்பட்டது.

ஒரு பூவைப் பறித்தால் என்ன ஆகிவிடும்?

இங்கேதான் விஷயமே இருக்கிறது. ரோஜாவைப் பறித்தால் அதே செடி மறுபடி பூக்கும். குறிஞ்சிக்கு அந்த இரண்டாவது வாய்ப்பு கிடையாது. பூவைப் பறித்தால் விதை போச்சு. விதை போனால் 12 வருஷக் காத்திருப்பே வீண். குறிஞ்சிக்குப் பறவைகள் தூக்கிப்போகும் பழமும் இல்லை. காய் வெடித்து, விதை பக்கத்திலேயே விழும். அதனால் ஒரு சரிவில் செடி அழிந்தால், வேறு மலையிலிருந்து விதை வந்து அந்த இடத்தை நிரப்புவது ரொம்பக் கஷ்டம்.

செல்ஃபிக்காகச் செடிகளை மிதிப்பது, கொத்தாகப் பிடுங்கி வருவது எல்லாம் இதே கணக்கில்தான் சேரும். வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் 3-வது அட்டவணையில் நீலக்குறிஞ்சி இடம்பெற்றிருக்கிறது. பிடுங்கினாலோ அழித்தாலோ சிறைத் தண்டனை, அபராதம் உண்டு.

2030-ல் என்ன நடக்கும்?

2018-ல் உதிர்ந்த விதைகளில் முளைத்த செடிகள் இப்போது புல்லோடு புல்லாக, பூ இல்லாமல் நின்றுகொண்டிருக்கின்றன. பார்த்தால் சாதாரணப் புதர் மாதிரிதான் தெரியும். மலையேறப் போகிறவர்கள் பாதையை விட்டு விலகாமல் நடந்தாலே பாதி உதவி. மீதி, அந்தச் சரிவுகள் புல்வெளியாகவே இருக்கிறதா என்பதைப் பொறுத்தது.