லெவிட்டவுன்: ஒரே அச்சில் வார்த்த வீடுகள்

இரண்டாம் உலகப்போர் முடிந்து திரும்பிய அமெரிக்கப் படைவீரர்கள் பலருக்குக் குடியிருக்க வீடில்லை. மணமானவர்களும் பெற்றோர் வீட்டிலேயே ஒண்டியிருந்தனர். இந்த நெருக்கடியில் பிறந்ததே லெவிட்டவுன் என்னும் புறநகர். நியூயார்க் நகருக்குக் கிழக்கே, லாங் ஐலண்டின் உருளைக்கிழங்கு வயல்களில் 1947இல் லெவிட் அண்ட் சன்ஸ் நிறுவனம் அதைக் கட்டத் தொடங்கியது. 1951க்குள் 17,000க்கும் மேற்பட்ட வீடுகள் எழுந்துவிட்டன.

இந்த வேகத்துக்குக் காரணம் வேலையைத் துண்டுதுண்டாகப் பிரித்ததுதான். தொழிற்சாலையில் பொருள் நகரும், ஆள் நிற்பார். இங்கே வீடு நின்றது, ஆட்கள் நகர்ந்தனர். ஒரு குழு கான்கிரீட் தளம் போட்டுவிட்டு அடுத்த மனைக்குப் போகும். சுவர் எழுப்பும் குழு பின்னால் வரும். முதல் வீடுகள் ஏறத்தாழ 750 சதுர அடி. இரண்டு படுக்கையறைகள், மேலே முடிக்கப்படாத பரண். படைவீரர்களுக்கு மாத வாடகை 60 டாலர். 1949இல் வந்த புதிய மாதிரியின் விலை 7,990 டாலர். 1950ஆம் ஆண்டு மாதிரியில் தொலைக்காட்சிப் பெட்டியையே கூடத்தில் பதித்துக் கொடுத்தனர்!

வீட்டோடு ஒழுங்குவிதிகளும் வந்தன. வேலி போடக்கூடாது. புல்தரையை வாரந்தோறும் வெட்ட வேண்டும். வார இறுதியில் துணி காயப்போடக்கூடாது. ஒரே மாதிரி வீடுகள் ஒரே மாதிரி மனிதர்களையே உருவாக்கும் என்று விமர்சகர்கள் கேலி செய்தனர். சமூகவியலாளர் ஹெர்பர்ட் கான்ஸ் நியூ ஜெர்சியின் லெவிட்டவுனில் குடியிருந்தே ஆராய்ந்து, 1967இல் வெளியிட்ட நூலில் அக்கருத்தை மறுத்தார். வீடுகளும் அவர் பக்கமே சாட்சி சொல்கின்றன. பிள்ளைகள் பெருகப் பெருகப் பரண் படுக்கையறையானது. பக்கவாட்டில் புது அறைகள் முளைத்தன. கட்டியபடியே மாறாதிருக்கும் வீட்டை லாங் ஐலண்டில் இன்று தேடித்தான் பிடிக்க வேண்டும்.

ஆனால் எல்லாக் குடும்பங்களுக்கும் அங்கே இடமிருக்கவில்லை. தொடக்ககால ஒப்பந்தங்கள் வெள்ளையர் அல்லாதார் குடியிருப்பதைத் தடைசெய்தன. வீட்டு வேலைக்காரர்களுக்கு மட்டும் விலக்கு. இத்தகைய விதிகளை நீதிமன்றங்கள் நிறைவேற்றித்தரலாகாது என 1948இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதன்பின்னும் நிறுவனம் கறுப்பினத்தாருக்கு வீடு விற்கவில்லை.

பென்சில்வேனியாவின் லெவிட்டவுனில் 1957இல் வில்லியம் மயர்ஸ், டெய்சி மயர்ஸ் தம்பதியர் வெள்ளையர் ஒருவரிடமிருந்து வீடு வாங்கிக் குடிபுகுந்தனர். கணவர் முன்னாள் படைவீரர்; மூன்று குழந்தைகள். கூட்டம் கூடிக் கல்லெறிந்து சன்னலை உடைத்தது. மாநிலக் காவல்துறை வந்து காவல் நின்றது. மயர்ஸ் குடும்பம் வெளியேறவில்லை; 1961 வரை அவ்வீட்டிலேயே வாழ்ந்தது.