கத்தரிக்கோல் எழுதிய சரித்திரம்

சரித்திரம் எழுதப் புகுவோர் ஏட்டையும் எழுதுகோலையும் நாடுவது உலக வழக்கு. கத்தரிக்கோலையும் பழைய படச்சுருளையும் மட்டுமே கைக்கொண்டு, ஓர் அரச வம்சத்தின் வீழ்ச்சியை எழுதிக்காட்டினார் ஒரு பெண்மணி. 1894-ஆம் ஆண்டில் ருஷ்ய நாட்டிற் பிறந்த எஸ்ஃபிர் ஷூப் என்பவரே அவர்.

1922-இல் அவர் அரசாங்கத் திரைப்பட நிலையத்தில் வேலைக்கமர்ந்தார். அயல்நாட்டுப் படங்களை வெட்டியும் ஒட்டியும் சோவியத் மக்களுக்கேற்ப மாற்றியமைப்பதே அவருக்கிட்ட பணி. பின்னாளில் உலகப் புகழெய்திய ஐஸன்ஸ்டைனும் தொடக்கத்தில் அவர் மேசையருகே அமர்ந்து இத்தொழிலைப் பயின்றவரே. காட்சி ஒன்றேயாயினும், அதன் முன்னும் பின்னும் வைப்பது எதுவோ அதற்கேற்பப் பொருள் மாறும் என்பதே அம்மேசை கற்பித்த பாடம்.

1917-ஆம் ஆண்டுப் பிப்ரவரிப் புரட்சியின் பத்தாம் ஆண்டு நிறைவுக்கெனப் படமொன்று தொகுக்க விழைந்த அம்மையார், 1926-இல் லெனின்கிராடு நகருக்குச் சென்றார். ஈரம் கசியும் நிலவறைகளில் படச்சுருள்கள் கேட்பாரற்றுக் கிடந்தன. அவர் பார்வையிட்டவை சுமார் 60,000 மீட்டர். அவற்றுள் ஜார் இரண்டாம் நிக்கோலஸ் தம் பெருமை விளங்கத் தம் ஆட்களைக் கொண்டே எடுப்பித்த படங்களும் இருந்தன. 1927-இல் ‘ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி’ வெளிவந்தது.

அதில் ஒரு காட்சியைக் கேளுங்கள். கப்பல் தளத்தில் சீமான்களும் சீமாட்டிகளும் ஆடிக் களைத்து வியர்வையைத் துடைக்கின்றனர். அடுத்தாற்போல், மண்வெட்டியுடன் வியர்வை சிந்தி உழைக்கும் குடியானவர் தோன்றுகின்றனர். வியர்வை என்னும் சொல் ஒன்றே. அதன் பொருளோ இரண்டு! ஜாரின் புகழுக்கென எடுத்த படமே அவருடைய ஆட்சிக்கு எதிரான சாட்சியாயிற்று.

இத்தகைய படத்திற்கு ஆசிரியர் உரிமை கோரியபோது, அதனை வெளியிட்ட நிலையம் ஒப்பவில்லை. கவிஞர் மயகோவ்ஸ்கி அதே 1927-இல் பொதுமேடையில் இதனைக் கண்டித்துப் பேசினார். சிதறிக் கிடந்த கற்களைக் கோபுரமாக அடுக்கியவரைச் சிற்பியென அழைக்கத் தயங்குவது நியாயமாகுமா?

அம்மையார் சோர்ந்தாரல்லர். புரட்சிக்குப் பிந்திய பத்தாண்டுகளைக் கூறும் ‘மாபெரும் பாதை’ அதே ஆண்டிலும், டால்ஸ்டாய் நூற்றாண்டையொட்டிய படம் 1928-லும், ‘ஸ்பெயின்’ 1939-லும் வெளிவந்தன. காட்சிகளை விரைந்து சிதறடியாது, பார்ப்போர் ஆராயும் அளவுக்கு நீளவிடுவதே அவர் கொண்ட முறை. 1959-இல் அவர் காலமானார்.

ஒன்றை மட்டும் நாம் மறத்தலாகாது. ஜாரின் பொய்ப் பெருமையை வெட்டிய அதே கத்தரிக்கோல், வேறொருவர் கையில் மெய்யையும் வெட்டக்கூடும். அம்மையாரின் படமும் ஓர் அரசாங்கத்தின் விழாவுக்கென எழுந்ததே. ஆதலின், திரையில் தோன்றுவதைக் கண்டு மயங்காது, ‘இதற்கு முன்னே இருந்தது யாது? இடையில் விடுபட்டது யாது?’ என்று வினவுதலே பகுத்தறிவுடையார் கடமை. அவ்வினா எழும் இடத்தில் எந்தக் கத்தரிக்கோலும் நம்மை ஏமாற்றுவது எளிதன்று.