பேசாப் படத்தின் பலசாலி

திரையில் ஒலியே இல்லாத காலத்தில் நடிகர்கள் எதைக்கொண்டு நடித்தார்கள், தெரியுமா? உடலைக்கொண்டுதான்!

புதுக்கோட்டையில் பிறந்த பி. கே. நாகலிங்கம் தேகப்பயிற்சியில் தேர்ந்தவர். ஜெர்மானியப் பலசாலி யூஜின் சாண்டோவின் பெயரால் ‘ராஜா சாண்டோ’ ஆனார். 1920-களில் பம்பாய்ப் பேசாப் படங்களில் கதாநாயகனாகப் புகழ்பெற்றார். பின்னர் சென்னையில் ‘அனாதைப் பெண்’ (1931) முதலிய பேசாப் படங்களை இயக்கினார். ‘மேனகா’ (1935) என்ற பேசும் படத்தையும் இயக்கினார். 1943-இல் காலமானார்.

சென்னையில் எடுத்த பேசாக் கதைப்படங்களில் முழுமையாக ஒன்றுகூட இன்று நமக்குக் கிடைக்கவில்லை. ஏன்? அன்றைய படச்சுருள் செல்லுலோஸ் நைட்ரேட்டால் ஆனது. அது எளிதில் தீப்பற்றும். வெப்பத்திலும் ஈரத்திலும் சிதைந்து அமிலத்தை உண்டாக்கும். அந்த அமிலமே சிதைவை விரைவுபடுத்தும். பிசுபிசுத்து, முடிவில் பொடியாகும். குளிர்ந்த, உலர்ந்த அறையில் காத்திருந்தால் பல ஆண்டுகள் நிலைத்திருக்கும்.

கட்டுமஸ்தான அந்த உடலின் நடிப்பை வேதிவினையும் நம் அலட்சியமும் சேர்ந்தே கரைத்துவிட்டன!