நட்புக் கயிறு: கட்டும் அவிழ்ப்பும்

நட்புக் கயிறு என்பது வண்ண நூல்களைக் கையால் முடிச்சிட்டுப் பின்னி, நண்பரின் மணிக்கட்டில் கட்டும் பட்டை ஆகும். தமிழ்நாட்டில் இது 'பிரண்ட்ஷிப் பேண்ட்' என்ற பெயரிலேயே பெரிதும் அறியப்படுகிறது. கடையில் வாங்கும் ரிப்பன், ரப்பர் பட்டைகளுக்கும் இப்பெயர் வழங்கினாலும், கையால் பின்னிய கயிறே இதன் மூல வடிவம். இதன் வரலாறு பெரும்பாலும் கட்டுவதைப் பற்றியே பேசப்படுகிறது. அவிழ்ப்பதற்கும் அதில் சமமான இடம் உண்டு. பழைய காப்புக் கயிறு, பள்ளி மாணவரின் வண்ணக் கயிறு, ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் தொழிற்பகுதியில் அணியப்படும் பாதுகாப்புப் பட்டை ஆகியவற்றை உடன் வைத்துப் பார்த்தால் இது விளங்கும்.

காப்பும் கங்கணமும்

மணிக்கட்டில் நூல் கட்டும் வழக்கம் தமிழருக்குப் புதிதன்று. காப்பு, கங்கணம் என்பன அதற்குரிய பழைய சொற்கள். 'காப்பு' என்னும் சொல் காத்தல் என்ற பொருளில் அமைந்தது. கையில் அணியும் தடித்த வளை காப்பு எனப்படும். நூலின் தொடக்கத்தில் இறைவனை வேண்டிப் பாடும் செய்யுளும் காப்புதான். கோயில் கதவைச் சாத்துவதைத் திருக்காப்பிடுதல் என்பர். பேச்சு வழக்கில் கைவிலங்குக்கும் காப்பு என்ற பெயர் உண்டு. காக்கும் பொருளும் கட்டிவைக்கும் பொருளும் ஒரே சொல்லில் அடங்கியிருப்பது கவனிக்கத்தக்கது.

மாரியம்மன் திருவிழாக்கள் பல ஊர்களில் காப்புக் கட்டுதலுடன் தொடங்குகின்றன. மஞ்சள் தோய்த்த நூலில் மஞ்சள் கிழங்கு அல்லது வேப்பிலை முடிந்து கட்டுவர். கட்டிக்கொண்டவர் விழா முடியும்வரை நோன்பு காப்பார். காப்புக் கட்டிய பிறகு ஊர் எல்லையைத் தாண்டிச் சென்று இரவு தங்கக்கூடாது என்ற கட்டுப்பாடும் பல ஊர்களில் உண்டு. திருமணத்தில் மணமக்களுக்குக் கங்கணம் கட்டுவதும், வரலட்சுமி நோன்பில் பெண்கள் வலக்கையில் மஞ்சள் சரடு கட்டிக்கொள்வதும், தர்காக்களில் மந்திரித்த கயிறு கட்டிக்கொள்வதும் இவ்வழக்கின் பிற வடிவங்கள். ஒரு செயலை முடித்தே தீருவேன் என்று உறுதி பூண்டவரைக் 'கங்கணம் கட்டிக்கொண்டு நிற்கிறார்' என்று சொல்வது இதிலிருந்து வந்ததே.

திருவிழாக் காப்புக்கும் திருமணக் கங்கணத்துக்கும் பொதுவான ஒரு முறை உண்டு. கட்டுவதற்கு ஒரு நாள் குறிப்பதுபோல அவிழ்ப்பதற்கும் ஒரு நாள் குறிப்பர். விழா நிறைந்ததும் காப்பு அவிழ்க்கப்படும். திருமணக் கங்கணத்தைச் சடங்கோடு களைவர். கட்டு ஒரு கடமையைத் தொடங்கி வைக்கிறது. அவிழ்ப்பு அக்கடமை நிறைவேறியதைச் சொல்கிறது.

வட இந்தியாவின் ராக்கி, உடன்பிறப்பு உறவை ஒட்டியது. அது அரசியல் பொருள் பெற்ற நாளும் உண்டு. வங்காளம் இரண்டாகப் பிரிக்கப்பட்ட 1905 அக்டோபர் 16 அன்று, இந்துக்களும் முசுலிம்களும் ஒருவருக்கொருவர் ராக்கி கட்டிக்கொள்ளுமாறு இரவீந்திரநாத் தாகூர் அழைத்தார். பிரிவினைக்கு எதிரான ஒற்றுமையை ஒரு நூல் இழை கொண்டு காட்டிய நிகழ்ச்சி அது.

நட்புக் கயிற்றின் வரவு

இன்றைய நட்புக் கயிறு நம் காப்பிலிருந்து நேரே வந்ததன்று. குவாத்தமாலா உள்ளிட்ட நடு அமெரிக்க நாடுகளின் கைவினைஞர் பின்னிய வண்ணப் பட்டைகள் 1970-களிலும் 1980-களிலும் அமெரிக்க இளைஞரிடையே பரவின. நண்பர் கட்டிவிட்ட கயிறு தானாக நைந்து விழும்வரை கழற்றக்கூடாது, விழும்போது மனத்தில் நினைத்தது நடக்கும் என்ற நம்பிக்கையும் அதனுடன் சேர்ந்து வந்தது.

நட்புக்கு ஒரு நாள் என்னும் கருத்து தனி வழியில் வளர்ந்தது. 1958-இல் பராகுவே நாட்டில் இதற்கான இயக்கம் ஒன்று தோன்றியது. ஐக்கிய நாடுகள் அவை 2011-இல் சூலை 30-ஐப் பன்னாட்டு நட்பு நாளாக அறிவித்தது. இந்தியாவில் ஆகஸ்டு மாதத்தின் முதல் ஞாயிற்றுக்கிழமையே நண்பர்கள் நாளாகக் கொண்டாடப்படுகிறது. 1979-இல் தொடங்கப்பட்ட ஆர்ச்சீஸ் போன்ற வாழ்த்து அட்டை நிறுவனங்களின் கடைகளும், 1990-களின் கல்லூரிப் படங்களும் இந்நாளைத் தமிழ்நாட்டு நகரங்களுக்குக் கொண்டுவந்தன. ஞாயிறு விடுமுறை என்பதால், அடுத்த திங்கட்கிழமை வகுப்பறையில் கயிறு கட்டிக்கொள்வது மாணவரின் வழக்கமாயிற்று.

பள்ளியில் வண்ணக் கயிறு

அதே மணிக்கட்டில் வேறொரு கயிறும் ஏறியது. தென்மாவட்டங்களில், குறிப்பாகத் திருநெல்வேலிப் பகுதியில், மாணவர்கள் தத்தம் சாதியைக் காட்டும் வண்ணங்களில் கயிறு கட்டி வருவது பற்றிய செய்திகள் 2015-ஆம் ஆண்டை ஒட்டிப் பரவலாக வெளிவந்தன. பயிற்சியில் இருந்த இந்திய ஆட்சிப் பணி அலுவலர்கள் இதனைச் சுட்டிக்காட்டியதை அடுத்து, 2019-இல் பள்ளிக் கல்வி இயக்குநர் சுற்றறிக்கை ஒன்றை அனுப்பினார். சிவப்பு, மஞ்சள், பச்சை, காவி நிறக் கயிறுகள் சாதி அடையாளமாக அணியப்படுவதையும், விளையாட்டு அணிகளைத் தேர்வதற்கும் இடைவேளையில் கூடுவதற்கும் அவை பயன்படுவதையும் அது குறிப்பிட்டது. இது சமய வழக்கத்தில் தலையிடுவது என்று எதிர்ப்பு எழுந்தது. முன்பிருந்த நடைமுறையே தொடரும் என்று அப்போதைய பள்ளிக் கல்வி அமைச்சர் கூறியதோடு அம்முயற்சி தேங்கியது.

2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் பட்டியல் சாதியைச் சேர்ந்த பன்னிரண்டாம் வகுப்பு மாணவர் ஒருவரும் அவருடைய தங்கையும் வீட்டில் வைத்து வெட்டப்பட்டனர். வெட்டியவர்கள் உடன் படித்த மாணவர்கள். இதன் பின் தமிழ்நாடு அரசு, ஓய்வுபெற்ற உயர்நீதிமன்ற நீதிபதி கே. சந்துரு தலைமையில் ஒருநபர் குழுவை அமைத்தது. 2024 சூனில் குழு தன் அறிக்கையை அளித்தது. மாணவர் வண்ணக் கயிறு, மோதிரம் போன்ற சாதி அடையாளங்களை அணிவதைத் தடுக்க வேண்டும் என்பது அதன் பரிந்துரைகளுள் ஒன்று.

நூலைப் பார்த்தால் இரண்டு கயிறுகளுக்கும் பெரிய வேறுபாடு இல்லை. நட்புக் கயிற்றைக் கட்டுபவர் நண்பர். அணிபவர் விரும்பினால் அணியலாம், வேண்டாதபோது கழற்றலாம். சாதிக் கயிற்றின் நிறத்தை மாணவர் தேர்ந்தெடுப்பதில்லை. அதைக் கட்ட மறுத்தாலோ கழற்றினாலோ தன் கூட்டத்துக்கு விடை சொல்ல வேண்டியிருக்கும். பள்ளியில் எந்தக் கயிறு தீங்கானது என்று நிறத்தைக் கொண்டு மட்டும் முடிவு செய்ய இயலாததற்கு இதுவே காரணம். நிறத்தை மாற்றிக்கொள்ள எவராலும் முடியும். அணிந்தவர் அச்சமின்றி அவிழ்க்க முடிகிறதா என்பதே உண்மையான சோதனை.

தொழிற்பகுதியில் மணிக்கட்டு

அவிழ்ப்பதன் தேவை முற்றிலும் வேறு வகையில் வெளிப்படும் இடம் காஞ்சிபுரம் மாவட்டத்தின் ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் தொழிற்பகுதி. இராமானுசர் பிறந்த தலமாக அறியப்பட்ட ஸ்ரீபெரும்புதூரின் சுற்றுப்புறம் 1990-களின் பிற்பகுதியில் மாறத் தொடங்கியது. இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் ஆலை 1998-இல் கார் உற்பத்தியைத் தொடங்கியது. நோக்கியாவின் கைப்பேசி ஆலை 2006-இல் உற்பத்தியைத் தொடங்கி 2014-இல் மூடப்பட்டது. ஒரகடத்தில் ரெனோ–நிசான் ஆலை 2010-இலும், டைம்லர் சரக்குந்து ஆலை 2012-இலும் திறக்கப்பட்டன. மின்னணு ஆலைகளுக்குப் பல மாவட்டங்களிலிருந்தும் பிற மாநிலங்களிலிருந்தும் இளம்பெண்கள் வந்து, விடுதிகளில் தங்கி வேலை செய்கின்றனர். வல்லம் வடகாலில் சிப்காட் கட்டிய 18,720 படுக்கைகள் கொண்ட விடுதி 2024 ஆகஸ்டில் திறக்கப்பட்டது.

ஊரை விட்டு வந்த இவர்களுக்கு உடன் தங்குபவரே உறவு. 2021 டிசம்பரில் பூவிருந்தவல்லிப் பகுதியில் உள்ள ஒரு விடுதியில் உணவு கெட்டு 150-க்கும் மேற்பட்ட பெண் தொழிலாளர்கள் பாதிக்கப்பட்டபோது, அவர்களுக்காகச் சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில் அமர்ந்து மறியல் செய்தவர்கள் உடன் பணியாற்றிய பெண்களே. அப்போராட்டத்தின் பின்னரே அங்குள்ள விடுதிகளின் நிலை அரசின் கவனத்தையும் உலகச் செய்தித்தாள்களின் கவனத்தையும் பெற்றது.

இத்தகைய நட்பின் அடையாளமாகக் கட்டும் கயிறு ஆலை வாயிலைத் தாண்ட முடியாது. சுழலும் பொறிகளின் அருகில் தொங்கும் கயிறும் வளையலும் சிக்கிக் கையை இழுத்துவிடக்கூடும். கார் ஆலையில் வளையலோ கைக்கடிகாரமோ வண்ணப்பூச்சைக் கீறிவிடும். மின்னணு ஆலையின் தூய அறையில் நூற்பிசிறும் கேடு விளைவிக்கும். ஆகவே பணிக்கு முன் மணிக்கட்டை வெறுமையாக்க வேண்டும்.

அங்கே அணிய வேண்டிய பட்டை வேறு. நடக்கும்போதும் உடை உராயும்போதும் உடலில் நிலைமின்னூட்டம் சேர்கிறது. ஏறக்குறைய 3,000 வோல்ட் இருந்தால்தான் மனிதர் அதை உணர்வர். நுண்மின்னணு உறுப்புகளில் சில 100 வோல்ட்டுக்கும் குறைவான மின்னழுத்தத்திலேயே பழுதாகிவிடும். இதைத் தவிர்க்க, தோலைத் தொட்டிருக்கும் மின்கடத்தும் பட்டையை மணிக்கட்டில் அணிந்து, சுருள் கம்பியால் தரையிணைப்புடன் சேர்ப்பர். கம்பியில் 1 மெகா ஓம் மின்தடை வைக்கப்பட்டிருக்கும். தவறிப்போய் 230 வோல்ட் மின்சாரத்தைத் தொட்டாலும் இப்பட்டை வழியே 0.23 மில்லி ஆம்பியர் மட்டுமே பாய இது வழிசெய்கிறது. பட்டையும் கம்பியும் சட்டைப் பொத்தான் போன்ற அழுத்துப் பொத்தானால் இணைகின்றன. வேலையின்போது அது தானே கழன்றுவிடக்கூடாது. அவசரத்தில் எழுந்து ஓடினால் ஓர் இழுப்பில் கழன்றுவிட வேண்டும். நல்ல இணைப்புக்குரிய இலக்கணம் இதுவே.

நீடிக்கும் கயிறு பின்னும் முறை

நைந்து விழும்வரை கழற்றக்கூடாது என்ற நம்பிக்கைப்படி இறுக முடிச்சிட்ட கயிறு, இத்தகைய இடத்தில் முதல் நாளே கத்தரிக்கோலுக்கு இரையாகும். கொக்கி வைத்த கயிறோ, பணிக்கு முன் பெட்டியில் இருந்து, பணி முடிந்ததும் மீண்டும் கைக்கு வரும்.

நூல்: பூத்தையலுக்குரிய பருத்தி நூல் ஏற்றது. இது ஆறு மெல்லிழைகள் சேர்ந்தது. பருத்தியைக் காரத்தில் தோய்த்து வலுவூட்டும் முறையை இங்கிலாந்தின் ஜான் மெர்சர் 1840-களில் கண்டறிந்தார். பின்னர், நூலை இழுத்துப் பிடித்தபடி தோய்த்தால் பளபளப்பும் கூடும் என்று அறியப்பட்டது. தமிழ்நாட்டில் 'ஆங்கர்' நூல் எளிதில் கிடைக்கிறது. 1880-களில் பாபநாசத்தில் நூற்பாலை நிறுவிய ஹார்வி சகோதரர்களின் நிறுவனமே பிற்காலத்தில் அந்நூலை விற்கும் மதுரா கோட்ஸ் நிறுவனமாக ஆயிற்று. அடர்ந்த நிற நூலை ஈரமாக்கி வெள்ளைத் துணியில் அழுத்திப் பார்த்து, சாயம் போகாததையே எடுக்க வேண்டும். வியர்வையும் நீரும் மிகுதியாகப் படும் கைக்கு மெழுகு பூசிய பாலியெஸ்டர் நூல் இன்னும் நீடிக்கும்.

பின்னல்: ஒவ்வொரு இழையும் மணிக்கட்டுச் சுற்றளவைப் போல் ஆறு மடங்கு நீளம் இருக்கட்டும். எட்டு இழைகளை ஒரு முனையில் கட்டி, அட்டையில் பொருத்த வேண்டும். இடப்பக்க முதல் இழையை அடுத்த இழையின் மேல் '4' என்ற எண் வடிவில் வைத்து, அடியில் நுழைத்து மேலே இறுக்க வேண்டும். ஒவ்வோர் இழையிலும் இம்முடிச்சை இரண்டு முறை இட வேண்டும். ஒருமுறை மட்டும் இட்டால் பின்னல் நெகிழும். முதல் இழை வலப்பக்கம் சென்று சேர்ந்ததும் ஒரு சாய்வு வரி முடியும். பின் புதிதாக முதலில் நிற்கும் இழையைக் கொண்டு தொடர வேண்டும். எல்லா முடிச்சுகளையும் ஒரே அளவில் இறுக்கினால்தான் பட்டை முறுக்கிக்கொள்ளாது.

கொக்கி: பின்னலின் இரு முனைகளிலும் துணிப்பசை தடவி உலர்த்தியபின், பல் வைத்த தட்டையான உலோக முனைப்பிடிகளைக் குறடால் அழுத்திப் பொருத்த வேண்டும். ஒன்றில் சங்கிலிகளில் வரும் விசைக்கொக்கியும் மற்றொன்றில் வளையமும் வரும். வளையத்தைத் திறக்கும்போது இரு முனைகளையும் அகலமாக இழுக்கக்கூடாது. ஒன்றை முன்னும் மற்றொன்றைப் பின்னுமாகத் திருப்ப வேண்டும். மூடும்போது அதே வழியில் திருப்பினால் இடைவெளி இல்லாமல் பொருந்தும். அடிக்கடி கழற்றுபவருக்குச் சாவிவளையம் போன்ற இரட்டைச்சுற்று வளையம் நல்லது. நிக்கல் ஒவ்வாமை உள்ளவர்கள் தம் தோலுக்கு ஒத்துக்கொள்ளும் உலோகத்தைத் தேர வேண்டும். கொக்கியும் பிடிகளும் எடுத்துக்கொள்ளும் நீளத்தைக் கழித்தே பின்னலை முடிக்க வேண்டும். கட்டிய கயிற்றினுள் ஒரு விரல் எளிதில் நுழைந்தால் அளவு சரி.

உலோகம் வேண்டாதவர்கள், தொடக்கத்தில் இழைகளை மடித்து ஒரு காது விட்டு, மறுமுனையில் சட்டைப் பொத்தானைத் தைத்துக்கொள்ளலாம். காது, பொத்தான் சற்றுச் சிரமப்பட்டு நுழையும் அளவில் இருந்தால் தானே கழலாது.

பழைய காப்பை அவிழ்க்க ஊரே நாள் குறித்தது. நட்புக் கயிற்றில் அந்த உரிமை அணிபவருக்கே உரியது. சிறிய கொக்கி ஒன்று அதைக் கையில் தருகிறது. நாள்தோறும் கழற்றி வைத்துவிட்டு, மறவாமல் மீண்டும் எடுத்து அணியும் கயிறு, ஒருமுறை கட்டி மறந்த கயிற்றைவிட நட்பை உறுதியாகச் சொல்கிறது.