பின் சீட்டுக்கும் பாட்டு கேட்கட்டும்!



"மலருக்கு ஏதாவது எழுதுப்பா" என்று நம் சங்கச் செயலாளர் போன் செய்தபோது, நான் காரின் பின் கதவு டோர் பேடைக் கழற்றிப் போட்டுவிட்டு, ஸ்க்ரூ டிரைவரும் கையுமாகத் தரையில் உட்கார்ந்திருந்தேன்.

"என்ன பண்ணிட்டிருக்கே?"

"அப்பாவுக்கு ஸ்பீக்கர் மாட்டிட்டிருக்கேன் சார்."

"அதையே எழுதேன்!" என்று சொல்லிச் சிரித்துவிட்டு வைத்துவிட்டார். விளையாட்டாகத்தான் சொன்னார். ஆனால் யோசித்துப் பார்த்தால், ஒரு காரின் பின் கதவுக்குள் ஸ்பீக்கர் வந்து சேர்ந்ததற்குப் பின்னால் ஏறக்குறைய அரை நூற்றாண்டுச் சரித்திரம் இருக்கிறது. எழுதிவிட்டேன். பொறுமையாகப் படியுங்கள்.

அப்பாவின் பத்மினி

நான் சின்னப் பையனாக இருந்தபோது அப்பா ஒரு பழைய பத்மினி கார் வைத்திருந்தார். முன்னால் ஒரு காசெட் பிளேயர், ஒரே ஒரு ஸ்பீக்கர். ரெக்கார்டிங் சென்டரில் பாட்டுகளை ஒரு தாளில் எழுதிக் கொடுத்துப் பதிவு செய்து வாங்கிய காசெட்டுகள். அந்தப் பட்டியலை எழுதுவது அம்மா. பாட்டுக் கேட்பது அப்பா!

ஏனென்றால் அம்மாவும் நாங்களும் பின் சீட்டு. ஊருக்குப் போகும் வழியெல்லாம் ஒரே வழக்குதான். "என்னங்க, கொஞ்சம் சத்தமா வையுங்களேன்" என்பார் அம்மா. "இங்க காது கிழியுது. இதுக்கு மேல வச்சா ஸ்பீக்கரே கிழிஞ்சிடும்" என்பார் அப்பா.

இரண்டு பேர் சொன்னதும் உண்மை என்பது இந்தக் கல்லூரியில் வந்து படித்த பிறகுதான் எனக்குப் புரிந்தது. முன் சீட்டின் பஞ்சும் துணியும் பாட்டின் மேல் சுருதிகளை விழுங்கிவிடும். பின் சீட்டுக்காரருக்கு ஜன்னல் காற்றும், சக்கரத்தின் இரைச்சலும், சைலன்சர் சத்தமும் பக்கத்திலேயே. வால்யூமைக் கூட்டினால் முன்னால் இருப்பவருக்குத் தலைவலி. ஆக, குற்றம் அப்பாவிடமும் இல்லை, அம்மாவிடமும் இல்லை. ஸ்பீக்கர் இருந்த இடத்தில்தான் இருந்தது.

டிரைவருக்கு மட்டும் ஒரு பெட்டி

1930-ம் வருடம். அமெரிக்காவின் சிகாகோ நகரில் பால் கால்வின் என்பவர் சின்னதாக ஒரு கம்பெனி நடத்திக்கொண்டிருந்தார். பொருளாதார மந்தம் ஆரம்பித்திருந்த நேரம். கார்களில் பொருத்தக்கூடிய ரேடியோ ஒன்றைத் தயார் செய்து தன் காரிலேயே மாட்டிக்கொண்டு, அட்லாண்டிக் சிட்டியில் நடந்த ரேடியோ உற்பத்தியாளர் மாநாட்டுக்கு ஓட்டிக்கொண்டு போனார். உள்ளே கடை போட வசதியில்லை. காரை வெளியே நிறுத்தி, போகிற வருகிறவர்களுக்கெல்லாம் பாட்டுப் போட்டுக் காட்டி ஆர்டர் பிடித்தார்! அந்த ரேடியோவுக்கு அவர் வைத்த பெயர் 'மோட்டரோலா'. பிற்பாடு கம்பெனியின் பெயரே அதுவாகிவிட்டது.

விலை நூறு டாலருக்கு மேல். அந்தக் காலத்து போர்டு காரின் விலை 600 டாலர் சுமாருக்கு இருக்கும்போது இது எவ்வளவு பெரிய செலவு என்று பார்த்துக்கொள்ளுங்கள். மாட்டுவதும் லேசான வேலையல்ல. வால்வுகளுக்குத் தனி பேட்டரி, அதை வைக்க ஒரு இடம், ஏரியல், தனியாக ஒரு ஸ்பீக்கர், இஞ்சின் பிளக்குகளிலிருந்து வரும் கரகரப்பை அடக்கத் தனி ஏற்பாடு என்று அது பெரிய ஆபரேஷன். ஐரோப்பாவில் 1932-ல் வந்த பிளாபுங்க்ட் கார் ரேடியோ சுமார் 15 கிலோ எடை. விலை 465 மார்க். அடேயப்பா!

இத்தனை பாடுபட்டு வந்த பாட்டு யாருக்கு? ஸ்டீரிங் பிடித்தவருக்கு. பின்னால் இருப்பவர் ஏதோ காதில் விழுந்ததைக் கேட்டுக்கொள்ள வேண்டியதுதான்.

பின் கண்ணாடியின் கீழே

1950-களில் அமெரிக்கக் கார்கள் படகு மாதிரி நீண்டு போயின. அப்போதுதான் பின் சீட்டு ஸ்பீக்கர் என்பது தனிக் காசு கொடுத்து வாங்கிக்கொள்ளும் பொருளாக வந்தது. பின் கண்ணாடியின் கீழே இருக்கும் பலகையில் ஒரு ஸ்பீக்கர். முன்னால் எவ்வளவு, பின்னால் எவ்வளவு என்று பிரித்துக் கொடுக்க டாஷ்போர்டில் ஒரு குமிழ். இன்று 'பேடர்' என்கிறோமே, அதன் தாத்தா.

ஆனால் முன்னால் வருகிற அதே பாட்டுத்தான் பின்னாலும் வரும். 1960-களின் தொடக்கத்தில் ஒரு வேடிக்கை செய்தார்கள். பின் ஸ்பீக்கருக்குப் போகும் ஒலியை ஒரு ஸ்பிரிங் சுருள் வழியாக அனுப்பிச் சற்றே தாமதப்படுத்தினார்கள். கச்சேரி மண்டபத்தில் உட்கார்ந்த மாதிரி எதிரொலி கிடைக்கும் என்பது யோசனை. நல்ல ரோட்டில் சரி. குழியில் சக்கரம் இறங்கினால் ஸ்பிரிங் அதிர்ந்து, பாட்டோடு 'டொய்ங்' என்று ஒரு சத்தமும் சேர்ந்து வரும்! நம் ஊர் ரோட்டுக்கு அது ஒத்துவந்திருக்குமா சொல்லுங்கள்?

உண்மையான மாற்றத்தைக் கொண்டுவந்தது ஸ்டீரியோ. ஆலன் பிளம்லைன் என்ற ஆங்கிலேய இஞ்சினீயர் 1931-லேயே அதற்குக் காப்புரிமை கேட்டு விண்ணப்பித்துவிட்டார். காருக்குள் அது பரவலாக வந்தது 1965-ல், போர்டு கம்பெனி தன் 1966 மாடல் கார்களில் எயிட் டிராக் டேப் பிளேயர் கொடுத்தபோதுதான். அந்த டேப்பை உருவாக்கியவர் பில் லியர். லியர் ஜெட் விமானம் செய்தாரே, அவரேதான். 1930-ல் கால்வினின் முதல் ரேடியோவுக்குக் கை கொடுத்தவர்களில் அவரும் ஒருவர்.

ஸ்டீரியோ என்றால் இடது வேறு, வலது வேறு. டாஷ்போர்டு நடுவில் ஒரு ஸ்பீக்கரை வைத்துக்கொண்டு அதை எப்படிக் காட்டுவது? ஸ்பீக்கர்கள் இரண்டு பக்கமும் விலகியாக வேண்டும். அப்படித்தான் அவை கதவுகளுக்கும், பின் பலகையின் இரண்டு ஓரங்களுக்கும் நகர்ந்தன. டிக்கி உள்ள கார்களில் பின் பலகை நல்ல இடம். கீழே டிக்கியே ஒரு பெரிய பெட்டி மாதிரி நின்று, 6-க்கு 9 அங்குல முட்டை வடிவ ஸ்பீக்கருக்குத் தாராளமான பேஸ் கொடுக்கும்.

டிக்கி இல்லாத சின்னக் கார்கள் பெருகியபோது அந்தப் பலகைக்கும் வந்தது ஆபத்து. பின் கதவைத் தூக்கினால் பலகையும் சேர்ந்து எழும்பும். நம் நாட்டில் 1983 டிசம்பரில் மாருதி 800 வந்த பிறகு, அந்தப் பலகையின் மேல் பெட்டி ஸ்பீக்கர் இரண்டு வைத்து ஓட்டியவர்கள் நம்மில் எத்தனை பேர்! சென்னை ஜி.பி. ரோட்டில் மாட்டிக்கொண்டு வந்தால் தெருவே திரும்பிப் பார்க்கும். ஆனால் சடன் பிரேக் போட்டால் பெட்டி எங்கே பறக்கும்? பின் சீட்டுக்காரர் தலைக்குத்தான்! ஆக, சின்னக் கார்களில் பின்னால் ஸ்பீக்கருக்கு உருப்படியாகக் கிடைத்த இடம் பின் கதவு.

ஒரு பேராசிரியர் வந்தார்

இந்த இடத்தில் ஒருவரைச் சொல்லாமல் போனால் கட்டுரை முழுமையாகாது. அமர் போஸ். வங்காளத்திலிருந்து, சுதந்திரப் போராட்ட நாட்களில் ஆங்கிலேயப் போலீசுக்குத் தப்பி அமெரிக்கா போனவரின் மகன். எம்.ஐ.டி.யில் படித்து, அங்கேயே பேராசிரியரானவர். 1964-ல் தன் பெயரில் கம்பெனி தொடங்கியவர்.

ஸ்பீக்கரைத் தனியாகச் செய்து, பிறகு கிடைத்த ஓட்டையில் மாட்டுவதுதான் அதுவரை வழக்கம். போஸ் தலைகீழாக யோசித்தார். காரின் கண்ணாடி எங்கே, சீட்டு எங்கே, காது எங்கே என்பதெல்லாம் கம்பெனிக்கு முன்பே தெரியும். அப்படியானால் அந்தக் காருக்கென்றே ஒலியை வடிவமைக்கலாமே! ஜெனரல் மோட்டார்ஸோடு சேர்ந்து, 1983 மாடல் காடிலாக் முதலிய கார்களில் அதைச் செய்தும் காட்டினார். நான்கு ஸ்பீக்கர்கள், ஒவ்வொன்றுக்கும் தனிப் பெட்டி, தனி ஆம்ப்ளிஃபயர். உட்கார்ந்திருப்பவர் காதில் என்ன விழுகிறது என்பதை அளந்து பார்த்துச் செய்த ஏற்பாடு அது.

இன்னொரு செய்தி, முன்னாள் மாணவர்களான நமக்கு. 2011-ல் அவர் தன் கம்பெனிப் பங்குகளில் பெரும்பகுதியைத் தான் படித்த, பாடம் நடத்திய எம்.ஐ.டி.க்கே கொடுத்துவிட்டார். (நம் சங்கத்துக்கு ஆண்டுச் சந்தா பாக்கி வைத்திருப்பவர்கள் கவனிக்க!)

போஸைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் நம் எலெக்ட்ரானிக்ஸ் சார் ஒருவர்தான் நினைவுக்கு வருவார். பெயர் வேண்டாம், என் செட்காரர்களுக்குத் தெரியும். மைக் இல்லாத ஹாலில், பாதி வகுப்பு நடந்ததும் கடைசி பெஞ்சுக்குப் பின்னால் வந்து நின்றுகொண்டு, முன் பெஞ்சுப் பையனைப் பேசச் சொல்வார். "இங்க கேக்குதான்னு பாக்கறேன். முன்னாடி இருக்கறவனுக்குப் பாடம் நடத்த யாராலும் முடியும்" என்பார். அன்று சிரித்தோம்.

கதவுக்குள் கற்ற பாடம்

இனி என் கதை. அப்பாவுக்கு 70 தாண்டிவிட்டது. மூட்டு ஆபரேஷனுக்குப் பிறகு கார் ஓட்டுவதில்லை. இப்போது நான் ஓட்டுகிறேன், அவர் பின் சீட்டில், அம்மாவுக்குப் பக்கத்தில். போன பொங்கலுக்கு ஊருக்குப் போகும்போது பின்னாலிருந்து ஒரு குரல்: "டேய், ஒண்ணும் கேக்கலடா." நான் வாய் தவறி, "இங்க காது கிழியுதுப்பா" என்று சொல்லிவிட்டேன். அம்மா சிரித்துவிட்டார். அப்பா சிரிக்கவில்லை. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

வயதானவர்களுக்கு முதலில் குறைவது மேல் சுருதிகள். பாட்டின் மெட்டு கேட்கும், வார்த்தை கேட்காது. வால்யூமைக் கூட்டுவது அதற்கு மருந்தல்ல, ஸ்பீக்கரைப் பக்கத்தில் கொண்டுபோக வேண்டும். என் கார் விலை குறைந்த மாடல். பின் கதவில் ஸ்பீக்கருக்கு இடம் விட்டு, மேலே மூடி மட்டும் போட்டிருந்தார்கள். ஒயர் உள்ளேயே இருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை வேலை என்று இறங்கினேன். மூன்று ஞாயிறு ஆயிற்று!

முதல் பாடம் தண்ணீர். கதவு என்பது மழைக்கு மூடிய பெட்டி என்று நினைத்திருந்தேன். இல்லை. கண்ணாடியோடு வழியும் தண்ணீர் கதவுக்குள்ளேயே இறங்கி, அடியில் உள்ள துளைகள் வழியாக வெளியேறுகிறது. டோர் பேடின் பின்னால் இருக்கும் பிளாஸ்டிக் ஷீட்தான் அதைக் காருக்குள் வராமல் தடுப்பது. நான் அதை அலட்சியமாகக் கிழித்துவிட்டேன். அடுத்த மழையில் கால் மிதியடி ஊறிப்போயிற்று. பேப்பர் கோன் ஸ்பீக்கர் கதவில் சீக்கிரம் கெடுவதற்கும், ஈரம் உறிஞ்சாத பாலிப்ரோபிலீன் கோன் அங்கே நிலைப்பதற்கும் காரணம் இதுதான்.

இரண்டாவது பாடம் ஒயர். இரண்டு பக்கமும் மாட்டி, அப்பாவைக் கூப்பிட்டு உட்கார வைத்து, அவருக்குப் பிடித்த பாட்டைப் போட்டேன். இரண்டு நிமிடம் கேட்டார். "எல்லாம் சரிடா, தவிலைக் காணோமே?" என்றார்.

இஞ்சினீயர் மகனுக்குத் தெரியாதது அப்பா காதுக்குத் தெரிந்துவிட்டது! ஒரு கதவில் பிளஸ்ஸையும் மைனஸையும் மாற்றிக் கொடுத்திருந்தேன். ஒரு கோன் காற்றை முன்னே தள்ளும்போது இன்னொன்று பின்னே இழுக்கும். கீழ் சுருதிகள் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு காணாமல் போகும். மாணவர்கள் குறித்துக்கொள்ளுங்கள்: ஒன்றரை வோல்ட் பேட்டரியை ஒரு நொடி தொட்டுப் பாருங்கள். பிளஸ் பிளஸ்ஸில் பட்டால் கோன் வெளியே வரும். ஒரு நொடிக்கு மேல் வேண்டாம்.

இன்னும் இரண்டு குறிப்பு. ஸ்பீக்கர் வாங்கும் முன் கண்ணாடியை முழுக்க இறக்கிவிட்டு ஆழம் அளக்கவும். காந்தம் கண்ணாடியில் இடிக்கும். அட்டைப் பெட்டியில் 250 வாட் என்று போட்டிருப்பதை நம்ப வேண்டாம். 14 வோல்ட்டில், 4 ஓம் ஸ்பீக்கருக்கு, சாதாரண செட்டால் ஒரு பக்கத்துக்கு 20 வாட் சுமார்தான் தர முடியும். கணக்குப் போட்டுப் பாருங்கள், வரும்.

ஒலி ரசிகர்கள் சிலர், "பின் ஸ்பீக்கரே தப்பு, மேடை முன்னால்தானே இருக்கிறது?" என்பார்கள். அவர்கள் பக்கமும் நியாயம் உண்டு. முதலில் வந்து சேரும் ஒலியின் திசையைத்தான் காது நம்பும் என்று ஜெர்மனியில் ஹெல்முட் ஹாஸ் 1949-லேயே காட்டிவிட்டார். பின் ஸ்பீக்கர் அதிகமானால் டிரைவருக்குப் பாடகர் முதுகுக்குப் பின்னால் வந்து நிற்பார். ஆனால் அது டிரைவரின் கணக்கு! பேடர் குமிழ் எதற்கு இருக்கிறது? கொஞ்சம் அனுசரித்துக்கொள்ள வேண்டியதுதான்.

மூன்றாவது ஞாயிறு எல்லாம் சரியாயிற்று. மறுவாரம் ஊருக்குக் கிளம்பினோம். திண்டிவனம் தாண்டியதும் பின்னாலிருந்து அப்பாவின் குரல். மறுபடியும் என்ன குறையோ என்று பயந்துபோய்க் கண்ணாடியில் பார்த்தேன்.

"சத்தத்தைக் கொஞ்சம் குறைடா. அம்மா தூங்குறா" என்றார்.

நாற்பது வருஷத்தில் அப்பா தானாக வால்யூமைக் குறைக்கச் சொன்னது அதுதான் முதல் தடவை என்று பிறகு அம்மா சொன்னார்.

நாளை நீங்கள் எதை வடிவமைத்தாலும், தம்பி தங்கைகளே, ஒரு தடவை பின் சீட்டில் போய் உட்கார்ந்து பார்த்துவிடுங்கள். நம் சார் சொல்லிக் கொடுத்தது அதுதான். சந்திப்பு நாளில் அவர் வருகிறார் என்று கேள்விப்பட்டேன். நான் கடைசி வரிசையில்தான் உட்காரப் போகிறேன். வாருங்கள், பேசுவோம்!

வளர்க நம் கல்லூரி!

— எலெக்ட்ரானிக்ஸ் பிரிவு முன்னாள் மாணவன் (2006–2010)