குத்தகையும் கூட்டுறவும்



தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலைக்குப் போனவர்கள் அங்கே வழிநெடுகத் தண்ணீர்ப் பந்தல்களைப் பார்த்திருப்பீர்கள். வீட்டுக்கு இவ்வளவு என்று பணம் சேர்த்து, இளைஞர்கள் கம்பு நட்டுக் கூரை போட, பெண்கள் மோர் கரைக்க, ஒரு தோட்டமே சேர்ந்து நடத்திய பந்தல்கள் எத்தனையோ உண்டு. அவற்றுக்குக் குத்தகைக்காரர் கிடையாது. இப்படிக் கூடி வேலை செய்யத் தெரிந்த நமக்கு, அரசாங்க வேலை ஒன்றைக் கூடி எடுத்துச் செய்வது மட்டும் ஏன் எட்டாக் கனியாக இருந்தது? இன்று அந்த வரலாற்றைக் கொஞ்சம் பார்ப்போம்.

இத்தாலி நாட்டில் ராவென்னா என்று ஓர் ஊர். அங்கே நிலமில்லாத கூலிகளை 'பிராச்சாந்தி' என்பார்கள். கைகளைத் தவிர வேறு சொத்து இல்லாதவர்கள் என்று பொருள் கொள்ளலாம். சதுப்பு நிலத்தை வடிய வைப்பதும் கால்வாய் வெட்டுவதும் அவர்கள் தொழில். ஆனால் வேலையைக் குத்தகை எடுப்பவர் வேறொருவர். அரசாங்கம் கொடுக்கும் பணத்தில் அவர் பங்கு போக மிஞ்சியதுதான் கூலி. கங்காணிக் காலத்துக் கதைகளைப் பாட்டி வாயிலாகக் கேட்டவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

1883ஆம் ஆண்டு அந்தக் கூலிகள் நுல்லோ பால்தினி என்பவர் முன்னின்று நடத்த, ஒரு கூட்டுறவுச் சங்கம் அமைத்தார்கள். அடுத்த ஆண்டே சுமார் 500 பேர் ரோம் நகருக்கு அருகிலுள்ள ஓஸ்தியா என்னும் சதுப்பு நிலத்துக்குப் புறப்பட்டார்கள். அதுவும் நேரான குத்தகை அல்ல. ஒரு நிறுவனம் எடுத்திருந்த குத்தகையில் ஒரு பகுதிதான் அவர்களுக்குக் கிடைத்தது. மலேரியாக் காய்ச்சலில் பலர் மாண்டார்கள். மிஞ்சியவர்கள் வேலையை விடவில்லை.

1889இல் இத்தாலிய அரசு ஒரு சட்டம் செய்தது. 1 லட்சம் லிரா வரையிலான பொது வேலைகளைத் தொழிலாளர் கூட்டுறவுகளிடம் நேரடியாகவே கொடுக்கலாம் என்றது. அதில் இன்னொன்றும் இருந்தது. என் கணக்கில் அதுதான் பெரிது. குத்தகை எடுக்கிறவர் முன்பணமாகப் பிணைத்தொகை கட்ட வேண்டுமல்லவா? கூலிகளிடம் அதற்குப் பணம் ஏது? ஆகவே, வேலை நடக்க நடக்கக் கொடுக்கும் பணத்திலேயே ஒரு பங்கைப் பிடித்துவைத்துக்கொள்ளலாம் என்று விதி செய்தார்கள். திறமையைச் சோதிப்பது நியாயம். பணப் பையைச் சோதித்துவிட்டு அதைத் திறமைச் சோதனை என்று சொல்லக் கூடாது என்பதை அந்தக் காலத்திலேயே கண்டுகொண்டார்கள்.

நமக்கு அருகிலும் ஓர் உதாரணம் உண்டு. கேரளத்தில் வடகரைக்குப் பக்கத்தில் ஊராளுங்கல். வாக்படானந்தர் என்ற சீர்திருத்தவாதியைப் பின்பற்றினார்கள் என்பதற்காக அங்கே ஏழைத் தொழிலாளர்களுக்கு வேலை மறுக்கப்பட்டது. அவர்கள் 1925இல் தொழிலாளர் ஒப்பந்தக் கூட்டுறவுச் சங்கம் ஒன்றைத் தொடங்கினார்கள். சாலை, பாலம் என்று அரசாங்க வேலைகளை எடுத்து வளர்ந்த அதே சங்கம் பிற்காலத்தில் கோழிக்கோட்டில் கணினி நிறுவனங்களுக்கென்று ஒரு பெரிய வளாகத்தையே கட்டியது.

இனி மலாயாவுக்கு வருவோம். கூட்டுறவுச் சட்டம் மலாய் ஐக்கிய மாநிலங்களில் 1922இலும், பினாங்கு அடங்கிய நீரிணைக் குடியேற்றங்களில் 1924இலும் வந்தது. அது கடன் தொல்லைக்கு மருந்தாக வந்த சட்டம். ஆகவே சிக்கனமும் கடனுதவியும்தான் நம் சங்கங்களின் முதல் பாடம். தோட்டத் துண்டாடலில் மக்கள் வீடிழந்து நின்றபோது, 1960இல் துன் வீ. தி. சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். மாதம் 10 வெள்ளி கட்டியவர்களின் பணத்தில் கெடாவில் புக்கிட் சீடிம் தோட்டம் வாங்கப்பட்டது. சேமிக்கக் கற்றோம், நிலம் வாங்கவும் கற்றோம். அரசாங்க வேலைக்கு விலை கேட்பதை மட்டும் யாரும் நமக்குச் சொல்லித்தரவில்லை.

அந்த விலை கேட்கும் முறை 1999 முதல் நம் நாட்டில் கணினிக்கு மாறத் தொடங்கியது. 'இ-பெரோலேஹான்' என்று பெயர். 2018இல் புதிய அமைப்பு வந்தது. இதில் நன்மை உண்டு என்பதை மறைக்கக் கூடாது. முன்பு அறிவிப்புப் பலகையைப் பார்க்க அலுவலகத்துக்கு நடக்க வேண்டும், உள்ளே தெரிந்தவர் இருந்தால் வசதி. இப்போது வீட்டிலிருந்தே பார்க்கலாம். கூட்டுறவுச் சங்கமும் நிதி அமைச்சில் பதிவு செய்துகொள்ளலாம். கதவில் பூட்டு இல்லை. ஆனால் வாசற்படி உயரம்.

எங்கள் தோட்டத்திலேயே நடந்ததைச் சொல்கிறேன். புல் வெட்டும் சிறிய சங்கம் ஒன்று. ஓர் அலுவலக வளாகத்தில் புல் வெட்ட விலை கேட்டிருந்தார்கள். கெடு நாள் பகல் 12 மணி. 9 மணிக்கே என் மாணவியின் தந்தை பள்ளிக்கு வந்து, "வாத்தியாரய்யா, கொஞ்சம் பார்த்துக் குடுங்க" என்றார். கணக்கெல்லாம் சரியாக இருந்தது. ஆனால் அனுப்புவதற்கான மின்சான்றிதழ் பழைய செயலாளர் பெயரில் இருந்தது. ஆண்டுக் கூட்டத்தில் வேறு செயலாளரைத் தேர்ந்தெடுத்தார்கள், அவர் பெயருக்கு மாற்றவில்லை. பழையவர் ஜொகூருக்கு வேலைக்குப் போய்விட்டார். தொலைபேசியில் அவர் கிடைத்தபோது மணி 12:20.

தவறு எங்களுடையதுதான். இருந்தாலும் ஒன்றை யோசித்துப் பாருங்கள். ஒரே முதலாளி உள்ள கடைக்கு இந்தச் சிக்கல் வராது. அவர் பெயர் ஆண்டுதோறும் மாறுவதில்லை. உறுப்பினர்கள் ஓட்டுப் போட்டு நிர்வாகிகளை மாற்றுவது கூட்டுறவின் உயிர். கணினி முறையோ ஒருவருடைய கையொப்பத்தைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது. புல் வெட்டத் தெரியாததால் அல்ல, ஜனநாயக முறைப்படி நடந்ததால் அந்த வேலை கைநழுவியது. எந்தத் துறைக் குறியீட்டில் பதிந்தோமோ அந்த வேலைக்கு மட்டும்தான் கேட்கலாம் என்ற விதியும் இருக்கிறது. அதைத் தெரிந்துகொள்ளவே எங்களுக்கு ஒரு மாதம் ஆயிற்று.

இந்தியாவில் அரசாங்க மின்சந்தை 2016இல் தொடங்கியது. கூட்டுறவுகள் அதில் பொருள் வாங்குவதற்கு மத்திய அமைச்சரவை 2022 ஜூனில்தான் ஒப்புதல் தந்தது. ஆறு ஆண்டு தாமதம். முறையை வகுக்கிறவர்களின் நினைவுக்குக் கூட்டுறவு கடைசியாகத்தான் வருகிறது போலும்.

எங்கள் சங்கம் இப்போது நிர்வாகிகள் மாறும் ஆண்டுக் கூட்டத்தன்றே சான்றிதழை மாற்றுவதற்கான மனுவையும் எழுதிவிடுகிறது. ஞாயிறு மாலைகளில் பள்ளியின் கணினி அறையில் உறுப்பினர்கள் நாலைந்து பேர் உட்கார்ந்து அறிவிப்புகளைப் படிக்கிறார்கள். மலாய்ச் சொல் புரியாத இடத்தில் ஆறாம் ஆண்டுப் பிள்ளைகள் சொல்லிக்கொடுக்கிறார்கள். போன வாரம் ஒரு விலைப்புள்ளி போயிருக்கிறது. கெடுவுக்கு இரண்டு நாள் முன்னதாகவே.